தன் குரலும் ஊர்க் குரலும்

சென்ற ரமலானுக்குச் சில நாள்கள் முன்னர், சாயல்குடியில் என்னிடம் ஓதிய பழைய மாணவர் ஒருவர் ஒரு குறிப்பேட்டுடன் என் இல்லம் வந்தார். இப்போது அவர் கல்லூரியில் பயில்கிறார். ஏட்டில் நாற்பதுக்கு மேற்பட்ட கவிதைகள் இருந்தன. பனங்காடு, கடல் கடந்து உழைக்கும் தந்தை, வீட்டுச் சுவர்களுக்குள்ளேயே கழிந்த பாட்டியின் வாழ்வு, பள்ளிவாசல் முற்றத்தில் மூத்தோர் பேசும் பேச்சு ஆகியன பாடுபொருள்கள். இரண்டு மூன்று கவிதைகள் ஊரின் குறையைச் சொல்லின. மணமகன் வீட்டார் கைக்கூலி வாங்கும் வழக்கத்தை ஒரு கவிதை கடுமையாகச் சாடியிருந்தது.

படித்து முடித்ததும் நான் சொன்னது இதுதான்: “தம்பி, நன்றாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் இதை இப்போது அச்சிட வேண்டா. ஊரார் மனம் நோகும்.”

அவர் பணிவு குன்றாமல் மறுமொழி தந்தார்: “ஹஜ்ரத், இதில் தீனுக்கு மாறானது எது என்று காட்டுங்கள், நானே அடித்துவிடுகிறேன். ஊரார் மனம் நோகும் என்பதற்காக மட்டும் நான் வாய்மூடி இருக்க வேண்டுமா?”

அன்றிரவு அவருக்குச் சொல்ல என்னிடம் விடை இல்லை. அவ்விடையைத் தேடிப் புறப்பட்டதன் பயனே இக்கட்டுரை.

மேலை அறிஞர் கண்ட வழக்கு

வினா புதியதன்று. தன் உள்ளத்தில் பட்டதைத் தன் சொல்லில் சொல்ல மனிதனுக்கு உரிமை உண்டா? உண்டெனில், அவனுக்கு மொழியும் ஒழுக்கமும் தந்து வளர்த்த சமுதாயத்துக்கு அவன் சொல்லின்மீது உரிமை ஏதும் இல்லையா? கடந்த இருநூற்றைம்பது ஆண்டுகளாக மேலைநாட்டு ஒழுக்கவியல் அறிஞர் இவ்வழக்கை மீண்டும் மீண்டும் விசாரித்து வந்துள்ளனர்.

ஆங்கில அறிஞர் ஜான் ஸ்டூவர்ட் மில், 1859இல் வெளியிட்ட சுதந்திரம் பற்றிய நூலில், அரசின் கொடுமையைக் காட்டிலும் சமுதாய வழக்கத்தின் கொடுமை ஆழமானது என்றார். அரசு உடலைச் சிறையிடும். வழக்கமோ உள்ளத்துக்குள்ளேயே புகுந்துவிடும் என்பது அவர் கருத்து. பிறருக்குத் தீங்கு நேராமல் தடுப்பதற்கன்றி வேறெதற்காகவும் ஒருவனைக் கட்டாயப்படுத்தச் சமுதாயத்துக்கு உரிமை இல்லை என்று அவர் வரம்பு கட்டினார்.

அவருக்கு முன்பே, பதினெட்டாம் நூற்றாண்டில், ஜெர்மானியரான ஹெர்டர் வேறொரு வாயிலைத் திறந்திருந்தார். ஒவ்வொரு மனிதனுக்கும் தனக்கே உரிய அளவுகோல் ஒன்று உண்டு. அவ்வாறே ஒவ்வொரு மக்களினத்துக்கும் உண்டு என்றார் அவர். மொழி, எண்ணத்துக்குப் போர்த்தும் ஆடை அன்று. மொழியிலேதான் எண்ணம் பிறக்கிறது. சொல்லும்போதுதான் மனிதன் தான் யார் என்பதையே கண்டுகொள்கிறான்.

நம் காலத்தில் இவ்விரண்டையும் சேர்த்து நிறுத்துப் பார்த்தவர் கனடா நாட்டு அறிஞர் சார்லஸ் டெய்லர். தன்னிலையின் ஊற்றுக்களை ஆராய்ந்து 1989இல் ஒரு பெருநூலும், தனக்குத் தான் உண்மையாய் இருத்தல் என்னும் கொள்கையைப் பற்றி 1991இல் ஒரு சிறுநூலும் அவர் வெளியிட்டார். தனக்கு உண்மையாய் வாழ விழைவது உயர்ந்த விழைவே என்று அவர் ஒப்புகிறார். ஆனால் அது தனிமையில் கைகூடுவதன்று. தாய், தந்தை, ஆசிரியர், நண்பர் ஆகியோருடன் நிகழ்த்தும் உரையாடலிலேதான் ஒருவன் தன்னை அறிகிறான். எது பெரிது, எது சிறிது என்னும் மதிப்பை அவனுக்கு முன்பே இருக்கும் ஒரு மரபு தருகிறது. அதனை முற்றிலும் அறுத்தெறிந்தவனுக்குத் தேர்வுரிமை மிஞ்சலாம்; தேர்ந்தெடுக்கத் தகுந்த பொருள் எதுவும் மிஞ்சாது. இதுவே டெய்லரின் வாதத்தின் சாரம்.

தீவில் தனித்த மனிதன்

அரபு நூல்களில் பழகியோருக்கு இவ்வாதம் அன்னியமாகத் தோன்றாது. ஸ்பெயினில் பிறந்து 1185இல் மறைந்த இப்னு துஃபைல், ‘ஹய்யு இப்னு யக்ளான்’ என்னும் கதையை எழுதினார். ஆளில்லாத் தீவில் மான் ஒன்றால் வளர்க்கப்பட்ட குழந்தை, மொழியும் ஆசானும் இன்றித் தன் அறிவாலேயே படைத்தவனை அறிந்துகொள்கிறது. 1671இல் இக்கதை இலத்தீனில் வெளிவந்தபோது, தனிமனித அறிவின் ஆற்றலுக்குச் சான்றாக ஐரோப்பியர் இதனை விரும்பிப் படித்தனர்.

ஆனால் கதையின் இறுதிப் பகுதியை நாம் மறந்துவிடலாகாது. ஹய்யு, அப்ஸால் என்னும் நண்பரிடம் பேசக் கற்று, மனிதர் வாழும் மற்றொரு தீவுக்குச் செல்கிறான். தான் கண்ட உண்மையை அங்குள்ளோருக்கு உரைக்கிறான். அவர்கள் முகம் சுளிக்கின்றனர், விலகுகின்றனர். அவர்களிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு அவன் தன் தீவுக்கே திரும்பிவிடுகிறான். உண்மையைத் தனியே கண்டவனுக்கு அதை ஊருக்குச் சொல்லும் சொல் கிட்டவில்லை. கேட்கும் செவி ஊருக்கும் இல்லை. இரு பக்கமும் இழப்பு.

இக்கதைக்கு இரு நூற்றாண்டு கழித்து, 1377இல் தம் ‘முகத்திமா’வை எழுதிய இப்னு கல்தூன், கூடி வாழ்வது மனிதனின் இயல்பு என்பதையே நாகரிகம் பற்றிய தம் ஆய்வுக்கு அடிப்படையாக்கினார். உணவு முதல் பாதுகாப்பு வரை எதையும் ஒருவன் தனித்து ஆக்கிக்கொள்ள முடியாது என்பது அவர் காட்டும் சான்று. கவிதையையும் அப்பட்டியலில் சேர்க்கலாம் என்பது என் கருத்து. அதற்குச் சான்று தேடி நாம் ஸ்பெயினுக்கோ தூனிஸுக்கோ போக வேண்டுவதில்லை. சாயல்குடியிலிருந்து கடலோரச் சாலையில் ஏர்வாடியைக் கடந்து சென்றால் கீழக்கரை. மேற்கே விளாத்திகுளம் வழியாகச் சென்றால் எட்டயபுரம். இவ்விரண்டு ஊர்களுக்கும் இடையே நடந்ததொரு வரலாறு நமக்குப் போதுமானது.

கீழக்கரை வாயிலில் ஒரு புலவர்

பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதி. சேது நாட்டைக் கிழவன் சேதுபதி ஆண்ட காலம். அவருடைய நட்புக்குரிய பெருவணிகர் கீழக்கரைச் செய்கு அப்துல் காதிர் மரைக்காயர். செத்தும் கொடுத்தவர் என்று தமிழ் மக்கள் போற்றும் வள்ளல் சீதக்காதி இவரே. அதே ஊரில் வாழ்ந்தவர் காயல்பட்டினத்தில் பிறந்த பேரறிஞர் சதக்கத்துல்லா அப்பா (ரஹ்). அரபு மொழியில் கவி பாடும் வன்மை உடைய மகான்.

அக்காலத்தில் எட்டயபுர அரண்மனையில் கடிகைமுத்துப் புலவரிடம் தமிழ் கற்று, அவருக்குப் பின் அவைப்புலவராக அமர்ந்தவர் உமறு. ஆசிரியர் இந்து; ஆதரித்த மன்னர் இந்து; கற்ற நூல்கள் தமிழ்ப் பெருங்காப்பியங்கள். பெருமானார் (ஸல்) அவர்களின் வாழ்வைத் தமிழில் காப்பியமாகப் பாட வேண்டும் என்னும் வேட்கை அவருக்குள் எழுந்தது. சீதக்காதி அவ்வேட்கைக்கு ஊக்கம் தந்தார் என்பது மரபு. கவித்திறம் புலவரிடம் இருந்தது. வரலாற்றுச் செய்திகளோ அரபு நூல்களில் இருந்தன. ஆகவே அவர் சதக்கத்துல்லா அப்பாவை நாடிச் சென்றார்.

பின்னர் நடந்ததாக வழிவழியாகச் சொல்லப்படும் செய்தியை நம் வீடுகளில் கேளாதவர் குறைவு. வந்தவரின் உடையும் தோற்றமும் அரண்மனைப் புலவரின் கோலமாக இருந்தன. அதைக் கண்ட அப்பா அவர்கள் செய்தி தர மறுத்தார்கள். புலவர் மனம் உடைந்து பள்ளிவாசலில் அழுதபடி உறங்கினார். பெருமானார் (ஸல்) அவர்கள் கனவில் தோன்றி அருள, அப்பா அவர்களின் மனம் மாறியது. கனவு கண்டவர் யார், எத்தனை முறை என்பதில் சொல்வோருக்குச் சொல்வோர் வேறுபாடு உண்டு. பரங்கிப்பேட்டையில் இருந்த ஆலிம் ஒருவரிடம் உமறு அனுப்பப்பட்டார் என்றும், அவர் அரபு நூல்களைப் படித்துப் பொருள் சொல்லச் சொல்லப் புலவர் பாடினார் என்றும் மரபு கூறும்.

சீதக்காதி மறைந்தபின் பரங்கிப்பேட்டை அபுல் காசிம் மரைக்காயர் புலவரைத் தாங்கினார். நன்றி மறவாத உமறு அவரைத் தம் காப்பியத்துக்குள்ளேயே பல இடங்களில் போற்றியுள்ளார். விலாதத்துக் காண்டம், நுபுவ்வத்துக் காண்டம், ஹிஜ்றத்துக் காண்டம் என மூன்று காண்டங்களும் 92 படலங்களும் 5027 விருத்தங்களும் கொண்டு சீறாப்புராணம் உருவாயிற்று. பெருமானாரின் வாழ்வு முழுவதையும் பாடி முடிக்கும் பேறு உமறுவுக்குக் கிட்டவில்லை. எஞ்சிய பகுதியைப் பனீ அகமது மரைக்காயர் ‘சின்னச் சீறா’வாகப் பாடினார். புலவர் நாயகம் எனப் புகழப்பெற்ற செய்கு அப்துல் காதிர் நயினார் லெப்பை ஆலிம் 1842இல் சீறாவை அச்சேற்றினார்.

எத்தனை கைகள் கூடின, பாருங்கள். தமிழ் கற்பித்தவர் ஒருவர், பொருள் தந்தோர் இருவர், அரபு நூல்களின் செய்தியை அளித்தோர் வேறு, தொடர்ந்தவர் வேறு, அச்சிட்டவர் வேறு. கம்பர் முதலிய முன்னோர் வகுத்த பாதை ஒருபுறம். ‘ஆயிர மசலா’ (1572), ‘மிஃராஜ் மாலை’ (1590) முதலிய நூல்களால் முன்னைய முஸ்லிம் புலவர்கள் இட்ட பாதை மறுபுறம். இத்தனை பேரின் கொடையில் விளைந்த நூல் அது.

இருந்தும் அக்குரல் உமறுவின் குரலே! அரபு நாட்டை அவர் பாடும்போது மலையில் மழை பொழிகிறது. வெள்ளம் பெருகிக் குறிஞ்சி, முல்லை, மருதம் என நிலங்களைக் கடந்து வருகிறது. உழவர் உழுகின்றனர், நடுகின்றனர், அறுக்கின்றனர். மக்காவின் மணல்வெளியைக் கண்டவர், “ஈதென்ன வயல்?” என்று நகைக்கலாம். ஆனால் காவிரியும் வைகையும் கண்ட தமிழனுக்கு அருள்வளம் என்பதை உணர்த்த அவனுடைய வயலைவிடப் பொருத்தமான உவமை வேறு உண்டா? ஒவ்வொரு தூதரும் தம் மக்களின் மொழியிலேயே அனுப்பப்பட்டனர் என்னும் திருமறைக் கருத்தை (இப்ராஹீம் அத்தியாயம்) உமறு கவிதையில் நடத்திக் காட்டினார் என்பேன். அந்தத் துணிவை யாரும் அவருக்குக் கற்பித்திருக்க முடியாது.

மனம் மாறியவர் யார்?

இவ்வரலாற்றைச் சொல்லும்போதெல்லாம் நாம் புலவரின் கண்ணீரை வியக்கிறோம். நான் இப்போது வேறோரிடத்தில் நின்று பார்க்கிறேன். இக்கதையில் மனம் மாறியவர் புலவர் அல்லர், ஆலிமே. உமறு தம் கோலத்தை மாற்றிக்கொண்டு வந்து பேறு பெற்றார் என்று மரபு சொல்லவில்லை. கோலத்தைக் கண்டு கதவடைத்தவர், கருத்தைக் கண்டு கதவு திறந்தார் என்றே சொல்கிறது. இக்கதையைக் காத்துச் சொல்லி வந்தோர் புலவருக்கு வேண்டியவர்கள் மட்டும் அல்லர். அப்பா அவர்களை உயிரெனப் போற்றும் மக்களும் இதைச் சொன்னார்கள். அது அவர்களின் பெருமைக்கு இழுக்கு என்று யாரும் கருதவில்லை. திரும்பி வந்து கதவைத் திறந்ததே பெருமை என்று நம் முன்னோர் தெளிந்திருந்தனர்.

இங்கே ஒரு நுட்பமும் உண்டு. கதவு திறந்தபின் ஆலிம்கள் புலவரை அவர் போக்கில் விட்டுவிடவில்லை. பெருமானாரின் வரலாற்றில் பிழை நேரலாகாது என்பதற்காக அரபு நூல்களின் சான்றைத் தந்தார்கள். “உண்மையாகச் சொல்” என்று கேட்பது வேறு; “சொல்லாதே” என்று தடுப்பது வேறு. முன்னது கல்வியின் உரிமை. பின்னது அச்சத்தின் ஆணை. முன்னதால் கவிதை உரம் பெறும். பின்னதால் கவிஞனையும் இழப்போம், அவன் சொல்ல வந்த உண்மையையும் இழப்போம்.

ஊரை விட்டுப் போன தொண்டியார்

உமறு ஊரோடு சேர்ந்து பாடினார். ஊரைத் துறந்து பாடியவரும் இந்தச் சேது நாட்டில் உண்டு. தொண்டிக்கு அருகே குணங்குடியில் பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் பிறந்த சுல்தான் அப்துல் காதிர், கீழக்கரைத் தைக்கா சாகிபிடம் கல்வி பெற்றார் என்பர். மாமன் மகளை மணக்க வீட்டார் விரும்பியபோது அதை மறுத்து, துறவு பூண்டு, மலைகளிலும் காடுகளிலும் அலைந்து, இறுதியில் சென்னையின் வடபகுதியில் தங்கி அங்கேயே அடங்கினார். மஸ்தான் சாகிபு என்று நாடறிந்தார்.

அவர் பாடிய பராபரக் கண்ணியும் ரகுமான் கண்ணியும் மனோன்மணிக் கண்ணியும் சித்தர்களின் மொழியில் அமைந்தவை. இறைவனை நாயகியாக விளித்து உருகும் அம்மொழி ஏற்குமா என்று ஐயுற்றோர் அன்றும் இருந்தனர், இன்றும் உள்ளனர். ஐயுறுவது குற்றமன்று. ஆயினும், திருத்தணிகைச் சரவணப்பெருமாளையர் போன்ற தமிழ்ப் பேரறிஞர் அவர்மீது நான்மணிமாலை பாடிப் போற்றினார் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். தத்துவ நூல்களால் எட்ட முடியாத உள்ளங்களை அவருடைய கண்ணிகள் எட்டின.

அவரும் ஹய்யைப் போலத் தீவுக்குப் போனவர்தாம். ஆனால் மொழியற்றவராகப் போகவில்லை. கீழக்கரையில் கற்ற மெய்ஞ்ஞானமும் தமிழ் மக்களின் சந்தமும் அவருடன் சென்றன. எனவேதான் ஊரை விட்டு ஓடியவரின் பாட்டு ஊருக்கே திரும்பி வந்தது. மீலாது மேடைகளில் இசைவாணர் அக்கண்ணிகளைப் பாட நாம் கேட்கிறோம். ஒரு தலைமுறை ஐயுற்றதை அடுத்த தலைமுறை தன் சொத்தாக்கிக்கொண்டது. இன்று நாம் அடைக்கும் வாய்களில் எது நாளை நம் பிள்ளைகளின் சொத்தோ, யார் அறிவார்?

வாயிலே இல்லாத வீடு

உமறுவுக்குத் தட்டுவதற்கு ஒரு கதவு இருந்தது. மஸ்தானுக்கு வெளியேற ஒரு வழி இருந்தது. இவ்விரண்டும் இல்லாதோர் நம் பெண்மக்கள்.

நாகூரில் 1917இல் பிறந்த சித்தி ஜுனைதா பேகம், பள்ளியில் மூன்றாம் வகுப்பு வரையே படித்தவர். இளவயதிலேயே மணமாகி, இளவயதிலேயே கணவரை இழந்தவர். வீட்டுக்குள் இருந்தபடியே தமிழ் பயின்று, 1938இல் ‘காதலா கடமையா’ என்னும் நாவலை வெளியிட்டார். தமிழ்த் தாத்தா உ. வே. சாமிநாதையர் அதற்கு முன்னுரை வழங்கினார். முஸ்லிம் பெண் எழுதுவதே வியப்பாயிருந்த காலம் அது. நூலின் தலைப்பையே பாருங்கள். தன் மனம் விரும்புவதா, பிறர்க்குத் தான் பட்ட கடனா? மேலை அறிஞர் பெருநூல்களில் விசாரித்த வழக்கை, நாகூர் வீடொன்றின் உள்ளறையில் இருந்த ஓர் இளம்பெண் இரண்டே சொற்களில் கேட்டுவிட்டார்! 1998இல் மறைந்த அவரைத் தமிழுலகம் போற்றியது. ஆனால் அவர் பெயரை அறியாத முஸ்லிம் வீடுகள் இன்னும் எத்தனையோ.

அவர் ஒருவர் எழுதினார். எழுதாமலே போனோர் எத்தனை பேர்? நம் பாட்டிமார் தாலாட்டிலும் நலுங்குப் பாட்டிலும் கரைத்துவிட்ட கவித்திறத்துக்குக் கணக்கு ஏது? பேசியவனால் சமுதாயத்துக்கு வந்த தீங்கைப் பற்றிக் கவலைப்படுகிறோம். பேசாதவர்களால் வந்த இழப்பை நாம் எண்ணுவதே இல்லை. அது கண்ணுக்குத் தெரியாத இழப்பு.

வரம்பும் வழியும்

இதனால், எவரும் எதையும் சொல்லலாம் என்று நான் வாதிப்பதாகக் கொள்ள வேண்டா. நாவுக்கு வரம்பு விதித்த மார்க்கம் நம்முடையது. புறம் பேசுவதும், அவதூறு சொல்வதும், பிறர் புனிதமாகக் கருதுவதை இழிப்பதும் எந்தக் கலையின் பெயராலும் ஆகுமானவை அல்ல. ஆனால் ஊரின் குறையைக் குறை என்று உரைப்பது இவற்றுள் எதிலும் அடங்காது. ஆட்சியாளர் முன் நீதி உரைப்பதைப் பெருமானார் (ஸல்) அவர்கள் சிறந்த ஜிஹாதுகளுள் ஒன்றாக எண்ணினார்கள். ஆட்சியாளர் முன்னேயே அவ்வாறெனில், பள்ளிவாசல் முற்றத்தில் கூடவே கூடாதா?

மனிதரை இனங்களாகவும் கோத்திரங்களாகவும் படைத்தது ஒருவரையொருவர் அறிந்துகொள்வதற்காக என்று ஹுஜுராத் அத்தியாயம் உணர்த்துகிறது. அறிந்துகொள்ள வேண்டுமானால் ஒருவர் பேச வேண்டும். மற்றவர் கேட்க வேண்டும். எல்லாரும் ஒரே சொல்லைத் திருப்பிச் சொல்லும் ஊரில் அறிந்துகொள்ள என்ன இருக்கிறது? கேட்பாரே இல்லாத தனிமையில் பேசுவதால்தான் என்ன பயன்?

ஆகவே கடமை இருபுறமும் உண்டு. எழுதும் இளைஞன் தன் மரபைக் கற்க வேண்டும். கல்லாமல் அதை இகழ்வது சோம்பல். இந்த இளைஞருக்குக் கீழக்கரையும் எட்டயபுரமும் பிறப்புரிமை. அவற்றை விட்டு அன்னிய ஊர்களின் கோபத்தைக் கடன் வாங்கினால் குரல் அவருடையதாய் இராது. மூத்தோரோ, குறை கேட்கும்போது முதலில் “இது உண்மையா?” என்று கேட்க வேண்டும். “ஊரார் என்ன சொல்வார்?” என்பது அதற்குப் பின்னால் வரவேண்டிய வினா. நான் வரிசையை மாற்றிக் கேட்டுவிட்டேன். முப்பது ஆண்டு ஓதிக் கொடுத்தவனுக்கு அது பெருமையன்று.

பெருநாள் கழிந்தபின் அம்மாணவரை அழைத்தேன். குறிப்பேட்டை மீண்டும் வாங்கி, இருவரும் அமர்ந்து வரிவரியாகப் படித்தோம். மஹரைப் பற்றிய ஓரிடத்தில் சட்டத்தைப் பிழையாகப் புரிந்துகொண்டிருந்தார், நூலை எடுத்துக் காட்டினேன், திருத்திக்கொண்டார். கைக்கூலிக் கவிதையில் ஓர் எழுத்தும் மாற்றச் சொல்லவில்லை. அது உண்மை, அந்த உண்மை எனக்கும் சுட்டது. நூல் வெளிவரும் நாளில் முன்வரிசையில் நான் இருப்பேன் என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

கோலத்தைக் கண்டு கதவடைப்பது நம் எல்லாருக்கும் எளிது. கருத்தைக் கண்டு திரும்பி வந்து திறக்கும் உள்ளத்தை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்வானாக, ஆமீன்!